பதினோராம் ஓலையில் இருந்த ஏரி

"ஏரிய யாரும்மா எடுத்துட்டுப் போனாங்க?" என்று கூத்தனஅள்ளியில் மூன்றாம் வகுப்புப் படிக்கும் ஐஸ்வர்யா பள்ளி வேனில் ஏறும்போது கேட்டாள். அதுவரை பெரியவர்கள் யாரும் கவனித்திருக்கவில்லை. நாற்பது ஏக்கர் ஏரி கரையோடும் மீன்களோடும் இல்லாமல் போயிருந்தது. சேறுகூட இல்லை, எப்போதும் அப்படியே கிடந்ததைப் போல ஒரு மொட்டை வெளிதான் இருந்தது. அன்று பாலக்கோடு சந்தையில் கிரேடு எனப்படும் பிளாஸ்டிக் பெட்டி நிறையத் தக்காளி நானூற்றைம்பது ரூபாய்க்குப் போனது.

காரணம் அமுதவல்லிக்குத் தெரியும். ஊர் ஏடு அவள் புகுந்த வீட்டுப் பொறுப்பில் இருந்தது. அதில் எழுதியதெல்லாம் ஊரில் இருக்கும். எழுத்து அழிந்தால் பொருளும் அழியும். முன்பு ஓர் ஓலையைச் செல் அரித்தபோது இரண்டு புளியமரங்களும் ஒரு சந்தும் காணாமல் போயின. ஜனங்கள் சுற்றிப் போகப் பழகிக்கொண்டார்கள். இந்த முறை மாரியம்மன் கோயில் ஓடு ஒழுகியதால், ஏட்டை வீட்டுக்குக் கொண்டுவந்து காலி கிரேடு ஒன்றில் சாக்கு போட்டு மூடி வைத்திருந்தாள். அவள் கணவன் கோவிந்தன் இருட்டோடு எழுந்து, உள்ளே ஏடு இருப்பது தெரியாமல், அந்தக் கிரேடிலேயே தக்காளியைக் கொட்டிச் சந்தைக்கு ஏற்றிவிட்டான். மாலையில் கிரேடு திரும்பியது. பதினோராம் ஓலை, அதாவது ஏரி ஓலை, தக்காளிச் சாற்றில் ஊறி வெளுத்துப்போயிருந்தது.

கிணறுகள் கையளவு கையளவாக இறங்கின. நாற்றுவிட்டவர்கள் நடாமல் காத்திருந்தார்கள். கார்த்திகைக்குள் ஏரி வராவிட்டால் பாதி ஊர் பெங்களூருக்குக் கட்டட வேலைக்குப் போக வேண்டியதுதான். தருமபுரியில் பைண்டிங் கடை வைத்திருக்கும் நூர் பாஷாவின் மகள் சாதியா சுவடி படிக்கக் கற்றவள் என்று கேள்விப்பட்டு, அமுதவல்லி ஏட்டை மடியில் வைத்துக்கொண்டு பஸ் ஏறினாள். கட்டின் அடியில், ஜாதகம் என்று எல்லோரும் நினைத்திருந்த நான்கு ஓலைகளைச் சாதியா நெடுநேரம் பார்த்தாள்.

"அக்கா, இது ஜாதகம் இல்லீங்க. ஏட்டுக்கே வைத்தியம் எழுதி வச்சிருக்காங்க."

கோவை இலைச் சாற்றில் விளக்குக் கரியைக் குழைத்துத் தடவ வேண்டும் என்று அதில் இருந்தது. அதற்குக் கீழே, அழிந்ததைத் திரும்ப எழுதும்போது கொடுத்தவன் சொல்லை எழுதாதே, உதிரும்; பெற்றவன் சொல்லை எழுது, நிற்கும் என்றும் இருந்தது.

அமுதவல்லி ஊரைக் கூட்டி அதை வாசித்துக் காட்டினாள். ஊர் கேட்டுக்கொண்டது, ஆனால் கோயில் காரியம் என்றால் முதல் மரியாதை யாருக்கு என்பதுதான் அங்கே முதல் பேச்சு. ஏரி வெட்டியது எங்கள் முப்பாட்டன் என்று நான்கு வகையறாவும் வந்து நின்றன. அவர்கள் விடாமல் எழுதச் சொன்னதை அவள் எழுத்தாணியால் எழுத எழுத, எழுத்துகள் கேழ்வரகு உமியைப் போல உதிர்ந்தன. எறும்புகள் அவற்றை இழுத்துக்கொண்டு போயின. ஒன்பது நாள் இப்படியே கழிந்தது.

பத்தாம் நாள், கோயில் மதிலுக்கு வெளியே ஆடுகளோடு நின்ற ராஜப்பன் வாயைத் திறந்தான். "நான் ஒருத்தரையும் கேக்காம முப்பது வருசமா அந்த ஏரியில ஆட்டுக்குத் தண்ணி காட்டியிருக்கேனுங்க. அது ஒருநாளும் போடான்னு சொன்னதில்லீங்க."

"இப்பத்தான் தெரியுது ஏரி ஏன் வத்துச்சுன்னு" என்றான் ஒருவன். எல்லோரும் சிரித்தார்கள். அமுதவல்லி சிரிக்காமல் எழுதினாள். எழுத்து நின்றது. மொட்டை வெளியில் ஓர் ஆடு படுக்கும் அளவுக்கு ஈரம் கண்டது.

பிறகு, ஏரியிடம் பெற்றதைச் சொல்ல வந்தவர்களின் வரிசை கோயில் வாசலைத் தாண்டிப் போனது. பிள்ளைக்கு நீச்சல் வந்ததைச் சொன்னார்கள். பஞ்சத்தில் அல்லிக்கிழங்கு தின்றதைச் சொன்னார்கள். சாகப்போன ஒருத்தி, கரையில் நாரை நடப்பதைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்துவிட்டு வீட்டுக்கு உலைவைக்கத் திரும்பியதைச் சொன்னாள். ஒவ்வொரு வரிக்கும் தண்ணீர் ஒரு சாண் ஏறியது. மூன்றாம் நாள் கரை எழுந்தது; மீன்கள் விட்டுப்போன அதே வளர்த்தியில் வந்தன. ஊரே பம்பை மேளம் அடித்துக்கொண்டு கரைக்கு ஓடியது.

மதகு மட்டும் வரவில்லை. மதகு இல்லாத ஏரி கண்ணால் பார்க்கத்தான் உதவும். ஓலையில் ஒரு வரிக்கு இடம் இருந்தது. அது யார் வரி என்று அமுதவல்லிக்குத் தெரியும். பத்து வருடம் முன்பு, வறட்சியில், முறை மீறி மதகைத் திறந்து தன் செடிகளைக் காப்பாற்றியவள் அவள். மடை காவல் மாரப்பன் அதைப் பார்த்தான். பழி அவன்மேல் விழுந்தது, வேலை போனது. சாகும்வரை அவன் அவள் பெயரைச் சொல்லவில்லை. ஆடிப்பெருக்கன்று ஏட்டை வாசிக்கும்போது ஊர் முழுக்கக் கேட்கும் என்று தெரிந்தும், தாயே என்று அம்மனைக் கும்பிட்டுவிட்டு, அவனிடம் தான் பெற்றதை ஒளிக்காமல் எழுதினாள். எழுத்து நின்றது. கரையில் மதகு தன் இடத்தில் இருந்தது.

முதல் தண்ணீருக்குச் சீட்டுக் குலுக்கியதில் அமுதவல்லியின் வயலுக்கே முறை விழுந்தது. ஊரார் பொங்கல் வைக்கக் கோயிலில் கூடியிருந்த உச்சி வேளையில், அவள் மண்வெட்டியோடு போய்த் தன் வாய்க்காலை அடைத்தாள். கடைமடையில் இருக்கும் மாரப்பன் மகள் கண்ணம்மாளின் வயலுக்குத் தண்ணீரைத் திருப்பிவிட்டு, கடைசிப் பாத்தி நிறையும்வரை நின்றாள். பிறகு மண்வெட்டியைக் கழுவிக்கொண்டு வீட்டுக்குப் போனாள்.

சாயங்காலம் கண்ணம்மாள் வந்து பார்த்தபோது வயல் நனைந்து கிடந்தது. போய்த் திரும்பி வந்த ஏரி, தானாகவே பாய்ந்திருக்கும் என்று நினைத்துக்கொண்டாள். சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு நாற்று நடக் குனிந்தாள்.