மூன்று நிமிடம் நாற்பத்தொரு விநாடி

லிஃப்ட் மெக்கானிக்கின் பெயர் பத்தொன்பது வருஷமாக ஒரே ஒரு பட்டியலில்தான் முதலிடத்தில் இருந்தது. கம்ப்யூட்டரில் ஆடும் பழைய ராலி கார் பந்தய ஆட்டம். காட்டுப் பாதையை மூன்று நிமிடம் நாற்பத்தொரு விநாடியில் கடந்த சாதனை. வேலை செய்யும் இடத்தில் அவர் எத்தனையாவது ஆள் என்பது நமக்கெதற்கு.

பழைய கம்ப்யூட்டர் கண்ணை மூடுமுன், மச்சினன் அந்த ஆட்டத்தைச் சாதனைப் பட்டியலோடு தன் புதுக் கம்ப்யூட்டருக்கு மாற்றினான். மாமா சந்தோஷப்படுவார் என்று பாவம் நினைத்துவிட்டான். சும்மா ஒருமுறை ஓட்டியும் பார்த்தான். இரண்டு நிமிடம் பன்னிரண்டு விநாடி.

மெக்கானிக் போட்ட சத்தத்தில் எதிர்வீட்டு ஜன்னல்கள் தாமாகத் திறந்துகொண்டன. சைக்கிளையே நேராக ஓட்டத் தெரியாதவன் தன்னை முந்துவதா என்று பொரிந்து தள்ளினார். பிறகு அவனை மறுபடி ஓட்டச் சொல்லிவிட்டு முதுகுக்குப் பின்னால் நின்றார். காரில் பக்கத்திலிருந்து வழி சொல்லும் குரல் "இடது வளைவு" என்று முடிப்பதற்குள், கார் அதற்கடுத்த வளைவையும் தாண்டியிருந்தது. லிஃப்ட் ஓடும் வேகத்தைக் காதாலேயே அளக்கிற மனுஷன், விடுவாரா?

"குரல் சரியாத்தான் பேசுது, கடிகாரமும் சரியா ஓடுது. காரு மட்டும் ரெண்டு மடங்கு பறக்குது. இதுக்குப் பேரு சாதனையாடா?"

மச்சினன் துருவிப் பார்த்து ஒத்துக்கொண்டான். அந்தக் கால ஆட்டத்தில், திரையில் படம் மாறும் ஒவ்வொரு முறையும் கார் ஓரடி நகரும். புது மெஷினோ படத்தை இரண்டு மடங்கு வேகமாக மாற்றுகிறது. விநாடிக்கு அறுபது படம் என்று கட்டிப்போட்டதும் கார் மரியாதையாக நடந்துகொண்டது.

ஆனால் அந்தத் திருட்டு நேரம் உச்சியிலேயே உட்கார்ந்திருந்தது. அதை மட்டும் நீக்க வழியில்லை. அழித்தால் மொத்தப் பட்டியலும் போகும்.

"விடுங்க மாமா. அது செல்லாதுன்னு நம்ம ரெண்டு பேருக்கும் தெரியும்ல."

"அதுக்குக் கீழ என் பேரு ஒரு நாள்கூட இருக்கக் கூடாது."

அவரே அழுத்தினார். பத்தொன்பது வருஷம் ஒரு நொடியில் வெள்ளையானது.

இடத்தை மீண்டும் பிடிக்க உட்கார்ந்தவர் முதல் வளைவிலேயே மரத்தைக் கட்டிப்பிடித்தார். ஆறாவது முறை நான்கு நிமிடம் ஆறு விநாடி. மச்சினன் கீபோர்டைத் தன் பக்கம் இழுத்து, குரல் சொன்னபடி வளைவு வளைவாக ஓட்டினான். மூன்று நிமிடம் ஐம்பத்தெட்டு.

மெக்கானிக் திரையை உற்றுப் பார்த்தார். கடிகாரம் சரி. கார் சரி. கடைசியில் நாற்காலி தாழ்வாக இருக்கிறது என்றார்.

உள்ளேயிருந்து மனைவி கேட்டாள்: "ஏங்க, அதான் நியாயம் கிடைச்சிடுச்சே? எந்திரிச்சு சாப்பிட வாங்க."

அவர் ஏழாவது முறைக்கு நாற்காலியை உயர்த்திக்கொண்டிருந்தார்.