பெலிகனுக்கு விழுந்த ஓட்டு

எங்கள் ஊர் நீச்சல்குளத்தை மண் போட்டு மூடி, கார் நிறுத்துமிடமாக்கப் போவதாக மேயர் கிளைவ் அறிவித்தார். கோடையில் காக்கை கூடத் தொப்பி கேட்கும் ஊர் இது. குளம் போனால் நாங்கள் அத்தனை பேரும் வறுபட்டுப் போவோம். உடனே என் மனைவி டெல்மா அவரை எதிர்த்து மேயர் தேர்தலில் நின்றாள்.

சனிக்கிழமை பள்ளிக்கூடத்தில் ஓட்டுப்பதிவு. வாசலில் சாசேஜ் என்னும் இறைச்சிக் குழல் வதங்கிய வாசனைக்குச் செத்தவர்களே எழுந்து வந்து வரிசையில் நின்றிருப்பார்கள். ஓட்டுகளை எண்ணிப் பார்த்தால் இருவருக்கும் சரிசமம். சந்தேகம் என்று ஒதுக்கிய ஒரே ஒரு சீட்டுதான் மிச்சம். அது செல்லாவிட்டால் குலுக்கல்.

திங்கள் காலை அது மேசைக்கு வந்தது. எங்கள் ஊர் வழக்கப்படி விருப்ப வரிசையில் எண் போட்டிருந்தது: டெல்மாவுக்கு 1, கிளைவுக்கு 2. ஓரத்தில், பை போன்ற அலகோடு குளத்தில் நீந்தும் ஒரு பெலிகன் பறவை.

வரைந்தவன் நான்தான். இப்போதோ டெல்மாவின் முகவராக, எதையும் தொடக்கூடாதென்று கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றேன்.

"படம் இருந்தா பரவால்ல. போட்டவர் யாருன்னு தெரிஞ்சாதான் செல்லாது," என்றாள் தேர்தல் அதிகாரி ட்ரூடி.

கிளைவின் முகவர் நெவில் குனிந்து பார்த்தான். "யோவ் பெர்ட், என்னய்யா இது? வயித்துவலி வந்த வாத்தா?"

என் காதில் புகை வந்தது. தொண்டை வரை வந்த பெலிகனை விழுங்கினேன்.

"வாத்தோட காலையே காணோமே?" என்றான் நெவில்.

"தண்ணிக்குள்ள இருக்கும்," என்றாள் ட்ரூடி. அவளுக்குச் சிலையே வைக்கலாம்.

"இவ்வளவு கேவலமா வரைய இந்த ஊர்ல ஒருத்தன்தான் இருக்கான். நீதானேய்யா?"

எழுபத்தோரு வருடத்தில் முதல் முறையாக அடக்கத்தோடு பேசினேன். "நமக்கு எங்கப்பா இவ்வளவு நல்லா வரும்?"

நெவில் அந்தச் சீட்டை மறுபடி பார்த்தான். இதைவிட மோசமாக ஒருவன் வரையக்கூடும் என்பதை அவனால் நம்பவும் முடியவில்லை, மறுக்கவும் முடியவில்லை.

"செல்லும்," என்றாள் ட்ரூடி. ஒரே ஓட்டில் டெல்மா மேயர்!

தேர்தலை எதிர்த்து வழக்குப் போடும் கெடு முடியும் வரை நான் வாயைத் திறக்கவில்லை. பல்லைக் கடித்ததில் செயற்கைப் பல் இரண்டு செட் மாற்றினேன். கெடு நேற்று முடிந்தது. இன்று காலை குளத்தில் பாதி ஊர் மிதந்துகொண்டிருந்தது, நெவிலும் சேர்த்து. குதிக்கும் பலகையின் உச்சியில் ஏறி நின்று கத்தினேன்:

"டேய் நெவில்! அது பெலிகன்டா!"