நம்பர் போடாத கியூப்

யார்டில் அவளைச் சல்லடை அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். கான்கிரீட் கலந்து லாரிகளில் அனுப்பும் அந்த இடத்தின் கோடியில், தகரக் கூரை போட்ட ஓர் அறைதான் அவளுடைய சோதனைக்கூடம். வந்து இறங்கும் ஒவ்வொரு ஜல்லி, மணல் லோடிலும் கொஞ்சம் அள்ளிவந்து, பெரிய கண் சல்லடை மேலும் சின்னக் கண் கீழுமாக அடுக்கி வைத்துக் குலுக்குவாள். எதில் எவ்வளவு தங்குகிறது என்று எடை போடுவாள். மணலைக் கண்ணாடிக் குடுவையில் போட்டுத் தண்ணீர் விட்டுக் கலக்கி வைப்பாள். மணல் அடியில் உட்கார்ந்துகொள்ளும். அதன் மேல் வண்டல் தோல்போலப் படியும். தோல் தடித்திருந்தால் லோடு வந்த வழியே திரும்பிப் போகும்.

"என்ன தங்கச்சி, மணலுக்குக் காய்ச்சலா? மருந்து கலக்கிட்டு இருக்கே!" என்று மணல் அள்ளும் லோடர் வண்டி ஓட்டும் அண்ணன் ஜன்னல் வழியாகக் கத்துவார். அவளும் சளைக்காமல், "ஆமாண்ணே, உங்க வண்டி புகையைக் குடிச்சா எதுக்குத்தான் காய்ச்சல் வராது?" என்பாள்.

அவளுடைய மகள் காய்ச்சலில் போன பிறகு அவர் அந்தக் கேலியை விட்டுவிட்டார். அதற்குப் பதிலாக வேறு என்ன பேசுவது என்று அவருக்குத் தெரியவில்லை. சோதனைக்கூடத்தைத் தாண்டும்போது லோடரின் சத்தத்தைக் குறைத்துக்கொண்டு போவார். அந்த இரக்கம் அவளுக்குக் கேலியைவிட அதிகமாக வலித்தது.

கலவை இயந்திரத்தின் மேல், ஏணி வைத்து ஏறும் உயரத்தில் இருந்த கூண்டில் அவளுடைய கணவன் வேலை பார்த்தான். முக்கால் இஞ்ச் ஜல்லி எவ்வளவு, சின்ன ஜல்லி எவ்வளவு, மணல், சிமெண்ட், தண்ணீர் எவ்வளவு என்று பொத்தான்களை அமுக்கிக்கொண்டிருப்பது அவன் வேலை. மகளைக் கொண்டுபோய் மண்ணில் வைத்துவிட்டு வந்த மறுவாரமே அவன் ஏணி ஏறிவிட்டான். அதை அவளால் மன்னிக்க முடியவில்லை. அவன் சாப்பிட்டான், தூங்கினான், சட்டைக்குப் பொத்தான் தைத்துக்கொண்டான். இந்த மனிதனுடைய துக்கம் என்ன பொடிமணலா, எந்தச் சல்லடையிலும் தங்காமல் இறங்கிப் போய்விடுகிறதே என்று நினைப்பாள். நினைத்த பிறகு, தன் மனம் இவ்வளவு கெட்டுப்போனதற்காகக் கூசுவாள். மறுநாள் திரும்பவும் நினைப்பாள்.

மகள் இருந்தபோது பள்ளி விட்டதும் நேராக யார்டுக்கு வந்துவிடுவாள். ஆற்றுமணலைச் சலிக்கும்போது மேல் சல்லடையில் கூழாங்கற்கள் தங்கும். கலவைக்கு ஆகாதவை, கொட்டிவிட வேண்டியவை. அவை எல்லாம் மகளுக்கு. உருண்டை, தட்டை, நீட்டம், முனைக்கல் என்று அம்மா வடிவம் பிரிக்கக் கற்றுக்கொடுத்தாள். மகளோ அவற்றை உறவு பிரித்தாள். தொந்தி வைத்த கல் பெரியப்பா. நீண்டு மெலிந்த கல் சித்தி. சிவந்த கல் கோவக்கார அத்தை. கறுப்புக் கல்லின் இடுப்பில் ஒரு வெள்ளைக் கோடு சுற்றி வந்தால் அவர் பெல்ட் போட்ட போலீஸ் மாமா. ஒரு பிஸ்கட் டப்பா நிறையச் சொந்தக்காரர்கள்.

"சரி, நீ எங்கடி?" என்று அம்மா கேட்டாள்.

மகள் ஜல்லிக் குவியலுக்கு ஓடிப்போய், கருநீலத்தில் மூன்று முனை துருத்திக்கொண்டிருந்த ஓர் உடைகல்லைப் பொறுக்கி வந்தாள். "இதான் நான்."

"ஏண்டி, எல்லாரையும் வழவழன்னு வச்சுட்டு உன்னை மட்டும் முள்ளு மாதிரி எடுத்திருக்கே?"

"உருண்டையா இருந்தா உருண்டு போயிடுவேன்ல? நீதானே சொன்னே, முனை இருக்கிற கல்லைத்தான் சிமெண்ட் கெட்டியாப் பிடிச்சுக்கும்னு."

அம்மா சொன்னதுதான். உருண்டைக் கல் கலவைக்குள் சுலபமாக வழுக்கிக்கொண்டு ஓடும், பிடிமானம் குறைவு. உடைத்த கல் வேலை வாங்கும். ஆனால் பிடித்தால் விடாது. எந்தக் கல்லானாலும் கழுவித்தான் போட வேண்டும். மேலே தூசி படிந்திருந்தால் சிமெண்ட் தூசியைப் பிடிக்குமே தவிரக் கல்லைப் பிடிக்காது. இதையெல்லாம் கதைபோலச் சொல்லிக்கொண்டே சல்லடையைக் குலுக்கிய நாட்கள் அவை.

மகள் போன பிறகு அவள் தினமும் மாலையில் டப்பாவைத் திறந்து கற்களைத் தரையில் அடுக்குவாள். அவற்றைக் கழுவவில்லை. வேலையில் கழுவாத கல்லைத் தொடாதவள், இவற்றை மட்டும் ஈரக்கையால்கூடத் தொட மாட்டாள். மகளின் விரல் அழுக்கு அவற்றின் மேல் இருந்தது. ஒருநாள் கோவக்கார அத்தையைக் காணவில்லை. அலமாரியை இழுத்தாள், பாயை உதறினாள். கடைசியில் கணவன் கூட்டி ஒதுக்கிய குப்பையில் கல் கிடைத்தது. "உங்களுக்கு எல்லாமே குப்பைதானே! அவளையும் இப்படித்தானே கூட்டித் தள்ளிட்டீங்க!" என்று கத்தினாள். அவன் முறத்தைப் பிடித்தபடி நின்றான். 

சில நாளில் டப்பா காலியாக இருந்தது.

"ஆத்துல விட்டுட்டேன்" என்றான் அவன், சுவரைப் பார்த்துக்கொண்டு. "எங்கேருந்து வந்துச்சோ அங்கேயே போகட்டும். நீ நீயாவே இல்லை."

அவள் சண்டை போடவில்லை. சண்டை போடுவதற்கும் ஒரு நெருக்கம் வேண்டும். அதற்குப் பிறகு வந்த விடுமுறை நாளெல்லாம் பாலத்துக்குக் கீழே இறங்கி, கணுக்கால் தண்ணீரில் குனிந்து தேடினாள். வெள்ளைக் கோடு போட்ட கறுப்புக் கற்கள் ஆற்றில் எத்தனையோ. எதுவும் போலீஸ் மாமா இல்லை. நனைந்த புடவையோடு வீட்டுக்கு வருவாள். அவன் பார்ப்பான். துண்டை எடுத்துக் கதவில் போட்டுவிட்டு உள்ளே போய்விடுவான்.

ஒருநாள் காலை, ஒரு பாலத்துத் தூணுக்குப் போன கலவையின் கியூபுகளை உடைக்க வேண்டியிருந்தது. லாரி கிளம்புமுன் கலவையில் கொஞ்சம் எடுத்து இரும்பு அச்சில் கனசதுரக் கட்டியாக வார்த்து, மறுநாள் கழற்றி, மேலே நம்பர் எழுதித் தண்ணீர்த் தொட்டியில் போடுவார்கள். நாலு வாரம் ஊறிய பிறகு அழுத்தி உடைத்து, எவ்வளவு தாங்குகிறது என்று பார்ப்பார்கள். மூன்று இருக்க வேண்டிய இடத்தில் இரண்டுதான் கைக்கு அகப்பட்டன. தொட்டிக்குள் தோள்வரை கையை விட்டுத் துழாவினாள். மூலையில் ஒன்று தனியாக இருந்தது. நம்பர் இல்லை. மை கரைந்திருக்கும் என்று தூக்கி வந்தாள்.

முதல் இரண்டும் வழக்கம்போல அழுத்தும் இயந்திரத்தின் முள்ளை மேலே ஏற்றிவிட்டு, டமார் என்று வெடித்தன. மூன்றாவதில் முள் பாதிகூட ஏறவில்லை. வெடிக்கவும் இல்லை. பழைய கதவு விரிசல் விடுவதுபோல ஒரு மந்தமான ஓசை. முள் கீழே விழுந்தது.

'என்ன கலவை இது?' என்று எரிச்சலோடு கட்டியை வெளியே எடுத்தாள். கையிலேயே இரண்டாகப் பிளந்தது. ஜல்லி இல்லை. உள்ளே முழுக்க உருண்டைக் கற்கள், முட்டைகளை அடுக்கியதுபோல. ஒன்று நழுவித் தரையில் விழுந்து உருண்டது. அது இருந்த இடத்தில் வழவழப்பான ஒரு சின்னக் குழி.

குனிந்து எடுத்தாள். கறுப்புக் கல். இடுப்பைச் சுற்றி ஒரு வெள்ளைக் கோடு.

அவள் தரையில் உட்கார்ந்துவிட்டாள். மடியில் கட்டியைக் கவிழ்த்ததும் தொந்திப் பெரியப்பா வந்தார். சித்தி வந்தாள். கோவக்கார அத்தை, சாம்பல் பூசிக்கொண்டு, வந்து விழுந்தாள்.

வாசலில் நிழல் தட்டியது. கணவன் நின்றுகொண்டிருந்தான். அவன் கையிலிருந்து தண்ணீர் சொட்டியது. தொட்டியில் தேடிவிட்டு வருகிறான் என்று அவளுக்குப் புரிந்தது.

"உடைச்சிட்டியா?" என்றான்.

அவள் கறுப்புக் கல்லை உயர்த்திக் காட்டினாள்.

"இன்னிக்கோட நாலு வாரம். எடுத்துட்டுப் போகலாம்னு இறங்கி வந்தேன்." அவன் வாசற்படியிலேயே குந்தினான். "அவ இருக்கிற இடத்துல, தலமாட்டுல வைக்கலாம்னுதான். நீ ஜல்லி பார்க்க குவாரிக்குப் போன அன்னிக்கு வார்த்தேன்."

"ஆத்துல விட்டேன்னு சொன்னீங்களே."

"அன்னிக்கு ஒண்ணு காணாமப் போனதுக்கே நீ... இனிமே ஒண்ணுகூடத் தொலையக் கூடாதுன்னு நினைச்சேன். எல்லாம் சேர்ந்து ஒரே இடத்துல இருந்தா தொலையாதுல்ல. சொன்னா நீ விட மாட்டே."

"நான் ஒவ்வொரு லீவுக்கும் தண்ணியில நின்னு தேடிட்டு வந்தேன். பார்த்தீங்கல்ல?"

"பார்த்தேன்."

"பார்த்துட்டு?"

"காய்ஞ்சு முடியட்டும், கொண்டுபோய்க் காட்டுறேன்னு... ஒவ்வொரு வாரமும் இன்னும் ஒரே ஒரு வாரம்னு..." அவன் ஈரக்கையைச் சட்டையில் துடைத்துக்கொண்டான். "ஒழுங்காத்தாம்மா செஞ்சேன். ஒவ்வொண்ணாப் பல்லு பிரஷ்ஷால தேய்ச்சுக் கழுவித்தான் போட்டேன். கழுவாத கல்லுல சிமெண்ட் பிடிக்காதுன்னு நீதானே சொல்லுவே."

அவள் நிமிர்ந்து பார்த்தாள்.

"கழுவினீங்களா?"

தலையாட்டினான். அவள் முகத்தைப் பார்த்த பிறகுதான் என்ன செய்தோம் என்று அவனுக்கு உறைத்தது. அவள் மடியிலிருந்த கற்களைக் கையால் மூடிக்கொண்டாள். திரும்பிவந்தவை எல்லாம் ஆற்றுக் கற்கள்தான். மகளின் விரல் பட்ட தடம் எதுவும் திரும்பிவரவில்லை.

அழுகை வரும் என்று காத்திருந்தாள். வரவில்லை. வாசற்படியில் அவன்தான் அழுதான், முழங்கையால் வாயைப் பொத்திக்கொண்டு, யார்டில் யாருக்கும் கேட்டுவிடக் கூடாதே என்று. இத்தனை மாதமும் இவன் இப்படித்தான், கலவை இயந்திரத்தின் இரைச்சலுக்குள் உட்கார்ந்து அழுதிருக்கிறான். இவ்வளவு நாள் அண்ணாந்து பார்க்காமலே நடந்திருக்கிறோம் என்று அவளுக்குத் தோன்றியது. அதனால் மனம் இளகிவிட்டது என்றும் சொல்ல முடியாது. கோபம் இருந்த இடம் வழவழப்பான குழியாகக் கிடந்தது, அவ்வளவுதான்.

கட்டியின் இன்னொரு பாதியைத் திருப்பினாள். உடைந்த முகத்தில் கருநீலமாக ஒரு முனை துருத்திக்கொண்டிருந்தது. நகத்தால் நெம்பிப் பார்த்தாள். அசையவில்லை.

அவன் கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்து வந்தான். "அது ஒண்ணை மட்டும் கழுவலை" என்றான். "கை வரலை. அது சரியா ஒட்டாதுன்னு தெரியும். இருந்தாலும் அப்படியே போட்டேன்." மேசையிலிருந்த உளியை எடுத்தான். "பக்குவமாத் தட்டினா வந்துடும். தட்டட்டுமா?"

"வேணாம்" என்றாள். "அவ முனையால பிடிச்சுட்டு இருக்கா."

உளியை அவன் சத்தமில்லாமல் திரும்ப வைத்தான். வெளியே லோடர் வேகம் குறைந்து, சோதனைக்கூடத்தைத் தாண்டி, திரும்பவும் இரைந்தது.

அவள் கற்களை முந்தானையில் முடிந்துகொண்டாள். கட்டியின் அந்தப் பாதியை இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு தொட்டிக்குப் போனாள். அவன் பின்னாலேயே வந்தான். தண்ணீரில் இறக்கும்போது அவனுடைய கை அவள் கைகளுக்குக் கீழே வந்து பாரத்தைத் தாங்கியது. அவள் அதைத் தட்டிவிடவில்லை. மூலையில், முன்பு இருந்த அதே இடத்தில், முனை மேலே பார்த்தபடி வைத்தார்கள்.

அடியில், குப்புறக் கிடந்த ஒரு கியூப் அப்போதுதான் அவள் கண்ணில் பட்டது. புரட்டினாள். காலையில் தேடிய நம்பர் அதில் அழியாமல் இருந்தது.