அசுவினிகள் செத்துப்போனதாக ஒரு கதை

1.
இந்தக் கதை ஒரு பொய்யில் பிறந்தது. (மற்ற கதைகள் எதில் பிறந்தன என்று கேட்காதீர்கள்.) மாமியாருக்குக் கண் அறுவை சிகிச்சை. ஒரு கண்ணில் கட்டு, இன்னொன்றில் ஏற்கெனவே மங்கல். மண் பக்கமே போகக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டதால், பால்கனியிலிருக்கும் அவருடைய ரோஜாச் செடி என் தலையில் விழுந்தது. வைத்ததிலிருந்து பூக்காத செடி. இப்போதுதான் ஒரே ஒரு மொட்டு விட்டிருந்தது.

“கட்டுப் பிரிச்சதும் நான் முதல்ல பாக்கிறது அந்தப் பூவா இருக்கணும் மாப்பிள்ளை. உங்க மூஞ்சியா இருக்கக் கூடாது” என்றார்.

2.
முதல் தொடக்கம்: ‘விடியலில் மரகதத் துளிகளாய் மின்னிய அந்த...’

சேச்சே. மரகதமாவது மண்ணாங்கட்டியாவது. அசுவினி. பொடிப் பூச்சிக் கூட்டம், மொட்டின் கழுத்தைச் சுற்றிப் பச்சைப் பச்சையாக அப்பிக்கொண்டு சாற்றை உறிஞ்சிக்கொண்டிருந்தது.

இரண்டாம் தொடக்கம்: ‘அவன் சோப்புத் தண்ணீரை அளவாகக் கலந்தான்.’

இதுவும் புளுகு. பாத்திரம் கழுவும் சோப்பைக் கைக்கு வந்தபடி ஊற்றி, உச்சி வெயிலில் அடித்தேன். இலை ஓரமெல்லாம் கருகிவிட்டது. அசுவினிகள் குளித்துவிட்டு மறுபடி சாப்பிட உட்கார்ந்தன.

3.
செடி எப்படி இருக்கிறது என்று மாமியார் தினமும் கேட்டார். உண்மையைச் சொல்ல வாய் வரவில்லை. அசுவினி ஒழிப்பு பற்றிக் கதை எழுதுவதாகச் சொல்லி, இதையே கொஞ்சம் மாற்றி வாசித்துக் காட்டினேன். அதில் ஒரே தெளிப்பில் அத்தனையும் செத்தன. எறும்புகள்கூட* மூட்டை கட்டிக்கொண்டு இறங்கிப் போயின.

(மனைவி கதவோரம் நின்று கேட்டுவிட்டு ஒரு பார்வை பார்த்தாள். அவளைக் கதையிலிருந்து தூக்கிவிடலாமா என்று யோசித்தேன். பயமாக இருந்தது.)

* அசுவினி கழிக்கும் இனிப்புத் தண்ணீருக்காக எறும்பு அதற்குக் காவல் இருக்கும். அந்தத் தண்ணீர் இலையெல்லாம் ஒட்டும். இதை எங்கே செருகுவது என்று தெரியாமல் இங்கே போட்டிருக்கிறேன்.

4.
கேட்டு முடித்த மாமியார் ‘நல்லா இருக்கு’ என்று சொல்வதாக எழுதி வைத்திருந்தேன். அந்தப் பாத்திரம் என் பேச்சைக் கேட்கவில்லை. எழுந்து, சுவரைப் பிடித்தபடி பால்கனிக்குப் போய், ஓர் இலையைத் தடவிப் பார்த்தது.

“செத்துப்போயிருந்தா இப்படியா மாப்பிள்ளை பிசுபிசுங்கும்?”

வெட்கமாகப் போய்விட்டது. இது முதல் வரைவுதான், இன்னும் திருத்த வேண்டும் என்று உளறினேன். அவர் மொட்டின் கழுத்தை இரண்டு விரலால் பிடித்து, மெல்ல வழித்தார். பச்சையான விரலை என் சட்டையில் துடைத்தார். மறுபடி வழித்தார். மொட்டு ஒரு பக்கம் சுருங்கியிருந்த இடத்தில் விரல் கொஞ்சம் நின்றது.

“பூக்குமா அத்தை?”

“தெரியல. நாளைக்குக் கட்டுப் பிரிச்சுப் பாத்துக்கறேன். அதுக்குள்ள நீங்க எதையாவது எழுதி வெச்சிடாதீங்க.”

5.
முடிவுகள் இரண்டு கைவசம் இருந்தன. ஒன்றில் பூ விரிகிறது. மற்றதில், கடையில் வாங்கிய ரோஜாவை நூலால் காம்பில் கட்டி... இரண்டையும் அடித்துவிட்டேன்.

மாமியாரை மொட்டுக்கு நேராக உட்கார வைத்தாயிற்று. மனைவி பிளாஸ்திரியை உரிக்கிறாள். நான் செடிப் பக்கம் திரும்பவில்லை. பார்த்தால் எழுதிவிடுவேன். நீங்கள் வேண்டுமானால் அவரோடு சேர்ந்து பாருங்கள். நான் என் மூஞ்சியை எடுத்துக்கொண்டு கதவுக்குப் பின்னால் நிற்கிறேன்.