கம்பளியின் இரண்டு முனைகள்

தஹ்மினேயின் தோள்பட்டை விண்விண்ணென்று தெறித்தது. காலையிலிருந்து ஒத்திகை என்று ஈரக் கம்பளியை முறுக்கி முறுக்கி விரல்கள் விறைத்துவிட்டன. ஈரானின் ரஷ்த் நகரத்தில் மழை விட்டிருந்தது. வெளிச்சம் இருக்கும்போதே காட்சி சரியாக வராவிட்டால் படத்திலிருந்து எடுத்துவிடுவேன் என்று இயக்குநர் நஹீத் சொல்லிவிட்டாள். படத்தின் ஒரே காதல் காட்சி அது.

கணவன் கப்பல் வேலைக்குப் போகிறான். ஆணும் பெண்ணும் திரையில் தொடக்கூடாது என்பது தணிக்கை விதி. போகாதே என்ற வசனமும் கிடையாது. துவைத்த கம்பளியை ஆளுக்கொரு முனையாகப் பிடித்துப் பிழிய வேண்டும். முறுக்க முறுக்கக் கம்பளி குறுகும், இருவரும் நெருங்குவார்கள். கைக்கும் கைக்கும் ஒரு சாண் இருக்கும்போது நிறுத்த வேண்டும். அவ்வளவுதான். கட்டிப்பிடித்துக் காட்டும் படங்களில் மனைவியாக நடித்த தஹ்மினே இவ்வளவு ஆசையைப் பார்த்ததில்லை.

கணவனாக நடித்த பெஜ்மான் போன வருஷம்வரை நிஜத்திலும் அவள் கணவன். விவாகரத்துக்குப் பிறகு தொடக்கூடாத அந்நிய ஆண். 'நீங்க', 'கானும்' என்று மரியாதை வைத்துப் பேசினான். கை பட்டுவிடுமோ என்ற பயத்தில் அதுவரை படமெடுத்த இரண்டு தடவையும் முனையை விட்டுவிட்டான். பாரமெல்லாம் அவள்மேல் விழுந்தது.

"மன்னிச்சுக்கோங்க, தஹ்மினே கானும். வழுக்குது."

"வழுக்கலை. வீட்லயும் இப்படித்தான் பாதியில விட்டுட்டுப் போவீங்க. நான் நனைஞ்சுக்கிட்டு நிப்பேன்."

விளக்குக்காரர் இருமினார். அந்தக் கோபத்தைக் கையிலேயே வைத்துக்கொள்ளச் சொல்லிவிட்டு நஹீத் கேமராவை ஓட்டினாள்.

முறுக்கினார்கள். தண்ணீர் கொட்டியது. ஒரு சாண். பெஜ்மான் இந்தத் தடவை விடவில்லை. அவன் பிடியின் வலு கம்பளி வழியாக வந்து தன் தோளில் உட்காருவது அவளுக்குத் தெரிந்தது. விரல் பட்டிருந்தால்கூட இத்தனை தெரிந்திருக்காது. கடைசிச் சொட்டு விழும்வரை இருவரும் நிமிர்ந்து பார்க்கவில்லை.

நிறுத்தச் சொல்ல மறந்த நஹீத் மூக்கை உறிஞ்சினாள். "தணிக்கைக்காரங்க இதுல எதைன்னு வெட்டுவாங்க, பாப்போம்."

பெஜ்மான் கம்பளியைக் கொடியில் போட்டான். இன்றைக்கு நன்றாகத்தான் பிடித்தான் என்று அவளுக்கும் தோன்றியது. கையைத் துடைத்துக்கொண்டே வேறொன்றைக் கேட்டாள்:

"எங்கம்மா கம்பளி?"

"அடுத்த வாரம் கொண்டாறேன்."

போன குளிருக்கும் இதையேதான் சொன்னான். அவள் அம்மா நெய்து கொடுத்த சிவப்புக் கம்பளி ஒன்றை அவன் இன்னும் அவளுக்குத் தர வேண்டும்.