இன்னும் சாப்பிட்டு முடிக்கவில்லை

விடுதியின் விருந்துக் கூடத்தில் மேசை போடும்போது, நெட்டை என்று எல்லாரும் கூப்பிடும் அவன் முன்னால் போவான். தட்டுக்கு வலப்பக்கம் கத்தி வைப்பது அவன் வேலை. இடப்பக்கம் முள்கரண்டி வைத்தபடி அவள் பின்னால் வருவாள். வாயில் கொழுக்கட்டையா என்று மற்றவர்கள் கேட்கும் அளவுக்கு அவள் பேசாதவள். ஊமைக்கோட்டான் என்று பெயர் வைத்தவனே நெட்டைதான்.

கத்தியின் கூர் தட்டைப் பார்த்துத்தான் இருக்க வேண்டும். அவன் வேண்டுமென்றே ஒன்றை வெளிப்பக்கம் திருப்பி வைத்துவிட்டுப் போவான்.

"கண்ணை எங்க கழட்டி வெச்சிட்டு வந்த?"

"அப்பாடா, ஊமைக்கோட்டான் பேசிடுச்சு!"

ஒருநாள் அவனுக்குக் கப்பல் ஒன்றின் உணவுக் கூடத்தில் வேலை கிடைத்தது. "போகட்டுமா?" என்று கேட்டான். "சரி" என்றாள். அடுத்த தட்டுக்கு முள்கரண்டி வைக்கப் போனாள்.

வருடங்கள் ஓடிவிட்டன. இன்று மதியம் சன்னலோர மேசையில், நல்ல சட்டையும் லேசாகத் தொப்பையுமாக, விருந்தாளியாக வந்து உட்கார்ந்திருந்தான் அவன். அவள் பரிமாறிவிட்டு நகர்ந்தாள்.

கூடம் காலியானது. அவன் தட்டும் எப்போதோ காலி. ஆனால் கத்தியையும் முள்கரண்டியையும் சேர்த்து வைக்காமல், கூரை மாதிரி விரித்து வைத்திருந்தான். இன்னும் முடிக்கவில்லை, எடுக்காதே என்று அர்த்தம்.

"அந்தத் தட்டை எடுத்துடும்மா" என்றார் மேலாளர்.

"அவர் இன்னும் முடிக்கல சார்."

"தட்டுல பருக்கை கூட இல்லையேம்மா!"

வேறு வழியில்லாமல் போனாள்.

"எடுக்கட்டுமா?"

"எடுத்தா நீ போயிடுவியே."

அவள் தட்டைத் தொடவில்லை. "வீட்ல எல்லாரும் நல்லா இருக்காங்களா?"

"பொண்டாட்டி இருக்கா. ஒரு பொண்ணு, மூணு வயசு. வாயே மூடாது."

அவள் சிரிக்கப் பார்த்தாள். உதடு ஒத்துழைக்கவில்லை. அவன் மேசை விரிப்பின் ஓரத்தை நீவிக்கொண்டிருந்தான்.

"கப்பல்ல கத்தியெல்லாம் நேராவே வைக்கப் பழகிட்டேன். திட்டறதுக்கு ஆளில்ல."

இப்போது சொல்லி ஒன்றும் ஆகப் போவதில்லை என்று அவளுக்குத் தெரியும். ஆனாலும் சொன்னாள். "நீ போனப்புறம் ரெண்டு பக்கமும் நானே வெச்சேன். எத்தனையோ பேரை அனுப்பினாங்க. யாரையும் என் முன்னால நடக்க விடல."

அவன் நிமிர்ந்து பார்த்தான். கண் கலங்கியிருந்தது. "அன்னிக்கு வெறும் சரின்னு சொன்னியே."

"அவ்வளவுதான் வந்துச்சு."

கத்தியையும் முள்கரண்டியையும் அவனே மெதுவாகச் சேர்த்து வைத்தான். "நாளைக்குக் கப்பல் கிளம்புது."

"பொண்ணைக் கேட்டேன்னு சொல்லு" என்று தட்டை எடுத்தாள்.

சமையலறையில் தட்டை வைத்துவிட்டு வரும் வழியில் நின்று சன்னல் வழியாகப் பார்த்தாள். எதிரே பேருந்து நிறுத்தத்தில் அவன் நின்றிருந்தான். ஒரு பேருந்து வந்து நின்றது. அவன் ஏறவில்லை, விடுதி வாசலையே பார்த்துக்கொண்டிருந்தான். அவளுடைய கால்கள் வாசல் பக்கம் இரண்டடி வைத்து நின்றுவிட்டன. அடுத்த பேருந்து வந்தது. அது நகர்ந்த பிறகு நிறுத்தத்தில் யாரும் இல்லை.

"என்னம்மா, உடம்பு சரியில்லையா?" என்றார் மேலாளர்.

"இல்ல சார். ஒருத்தரை வழியனுப்பிட்டிருந்தேன்" என்றாள்.