பூமாதிரி வீட்டில் படப்பிடிப்பு

சினிமா யூனிட்டில் அவருக்குப் பெயர் பூமாதிரி. படப்பிடிப்புக்கு வீடு பிடித்துத் தரும் லொகேஷன் மேனேஜர். எந்த வாசலில் நின்றாலும், "உங்க வீட்டைப் பூ மாதிரி திருப்பித் தர்றோம்" என்பார். திருப்பித் தருவது உண்மைதான். சுவர் வேறு நிறத்தில் இருக்கும், கதவு மூடாது, அவ்வளவுதான். அதற்குள் அவர் வேறொரு வாசலில் நின்று சிரித்துக்கொண்டிருப்பார்.

புதுப்பட டைரக்டர் மகா ரசனைக்காரர். சாதாரணக் குடும்பத்து வீடு வேண்டும் என்றார். பூமாதிரி காட்டிய வீடுகளில் ஒன்றில் வெளிச்சம் அதிகம், இன்னொன்றில் சோகம் கம்மி, மற்றொன்றின் ஜன்னலுக்கு நடிக்கத் தெரியவில்லை. அலைந்துகொண்டிருக்கையில் டைரக்டருக்கு வயிற்றைக் கலக்கியது. பூமாதிரியின் வீடுதான் பக்கத்தில் இருந்தது. அந்த மகா கலைஞர் உள்ளே ஓடினார். பாத்ரூமைவிட்டு வெளியே வந்தவர் ஹாலில் சிலையாக நின்றார்.

"இதுதான்யா! என்னா ஒரு தோத்துப்போன சுவரு! இதையா மறைச்சு வச்சிருந்தீங்க?"

பூமாதிரிக்குத் தூக்கிவாரிப் போட்டது. "சார், இது என் வீடு!"

"அதனாலென்ன? பூ மாதிரி திருப்பித் தந்துருவோம்."

பூமாதிரி மனைவியை நம்பிக்கையோடு பார்த்தார். மருத்துவமனை வரவேற்பறை வேலையில் கூட்டத்தைக் கண்ணாலேயே வரிசையில் நிறுத்துகிறவள், மாட்டேன் என்று ஒரே போடாகப் போட்டுவிடுவாள் என்று நினைத்தார். அவளோ, "தாராளமா எடுங்க சார்" என்றாள்.

பூமாதிரி அவளைச் சமையலறைக்குள் இழுத்துப்போய்ப் பல்லைக் கடித்தார். "பைத்தியமா உனக்கு? நாசம் பண்ணிருவானுங்க!"

"ஓஹோ. ஊரான் வீட்டை மட்டும் பூ மாதிரியா திருப்பிக் குடுத்தீங்க?"



படப்பிடிப்பு தொடங்கியது. நிஜச் சுவர் நிஜமாகத் தெரியவில்லை என்று ஆர்ட் டைரக்டர் அதைச் சுரண்டிவிட்டு, அச்சு அசலாக அதே அழுக்குச் சுவரைப் பெயிண்டில் வரைந்தார். பூமாதிரி அறை அறையாக அலறிக்கொண்டு ஓடினார். "ஒண்ணும் ஆகாதுண்ணே" என்றார் விளக்கு தூக்கியவர், அலமாரிக் கண்ணாடி உடைந்து விழுந்துகொண்டிருக்கும்போதே.

மனைவி ஓடவில்லை. வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்தாள். ஹீரோவிடம், "ஈரத் தலையோட சோபாவுல சாயாதீங்க தம்பி" என்றாள். கடைசிநாள்வரை அவர் நிமிர்ந்தே உட்கார்ந்தார். பிறகு டைரக்டரிடம் மெல்லச் சொன்னாள்: "இவ்வளவு பளபளன்னு சமையலறை இருந்தும் படத்துல அந்தம்மா அழறாங்களேன்னு இருந்தாத்தானே சார், பாக்குறவங்களுக்கு மனசு உருகும்?"

டைரக்டர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். புதுச் சமையலறை வந்தது. உடைந்த கண்ணாடிக்குப் பதில் பெரிய கண்ணாடியும் வந்தது.

படம் முடிந்த கையோடு புரொடக்‌ஷன் மேனேஜர் போன் செய்தார். "அண்ணே, அடுத்த படத்துக்கு ஒரு பங்களா வேணும்."

"பிடிச்சிரலாம்!"

"அது சரிண்ணே... போனை அண்ணிகிட்ட குடுங்க."

பூமாதிரியின் முகம் தொங்கிப்போனது. ஆனாலும் கொடுத்தார், காரையும் அவரே ஓட்டினார். பங்களாக்காரரிடம் எது உடையும், எது உடையாது என்று அவள் உள்ளே பட்டவர்த்தனமாகப் பேசிக்கொண்டிருக்க, வெளியே காரில் சாய்ந்து குறட்டை விட்டார். யாரிடமும் பொய் சொல்லத் தேவையில்லாத மத்தியானம் இந்தத் தொழிலில் அவருக்கு வாய்த்தது அதுதான் முதல் தடவை.